ஐம்பதாயிரம் அடி படச்சுருளும் பதினோரு கேசட்டும்

ஏ.கே. செட்டியார் எடுத்த காந்தி படத்தைப் பற்றி எழுதணும்னு ரொம்ப நாளா ஒரு ஆசை. பாதி எழுதி அப்படியே கிடப்பில் கிடந்தது. அதைத் தூசி தட்டி எடுக்க வைத்தது எங்க வீட்டு பீரோவில் இருந்த பதினோரு வீடியோ கேசட். ரெண்டுக்கும் என்னய்யா சம்பந்தம்னு கேக்கறீங்களா? கொஞ்சம் பொறுங்க, சுத்தி வளைச்சாவது வந்து சேர்ந்துடுவேன் :-)

முதல்ல கேசட் கதை.

எங்க ஊர் கொற்கை. பாடப்புத்தகத்தில் 'பாண்டியர் துறைமுகம், முத்துக்குப் பெயர் பெற்றது' என்று ஒரு வரியில் வந்து போகுமே, அதே கொற்கைதான். இன்னிக்கு வந்தீங்கன்னா கப்பலும் இருக்காது, கடலும் இருக்காது. கடல் ஆறேழு கிலோமீட்டர் கிழக்கே தள்ளிப் போயிடுச்சு. வாழையும் வயலும், ஒரு குளமும், ஒரு பழைய வன்னி மரமும்தான் மிச்சம்.

2023 டிசம்பர் 17, 18 தேதிகளில் எங்க பக்கம் பெய்த மழை உங்களுக்கு ஞாபகம் இருக்கும். காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 95 சென்டிமீட்டர். ஸ்ரீவைகுண்டத்தில் ரயில் நின்னு போய் பயணிகள் மாட்டிக்கிட்டதை டிவியில் பார்த்திருப்பீங்க. ஏரல், கொற்கை எல்லாம் தாமிரபரணி தண்ணிக்குள்ள. எங்க வீட்டில் பீரோவின் ரெண்டு தட்டு முழுகிடுச்சு. கீழ்த்தட்டில்தான் அந்த பதினோரு கேசட்டும்.

அதில் ஒண்ணு எங்க குடும்பத்துக்குப் பொக்கிஷம். 1991ல் கோயில் கொடைக்கு வீடியோக்காரர் வந்தபோது, சாயந்தரம் சும்மா இருந்த நேரத்தில் தாத்தாவை உட்கார வைத்து பேசச் சொல்லி எடுத்தது. 1968-69ல் தமிழக அரசின் தொல்லியல் துறை கொற்கையில் அகழாய்வு செய்தபோது தாத்தா அங்கே மண்கூடை சுமந்தவர். எந்த இடத்தில் குழி போட்டாங்க, எவ்வளவு ஆழத்தில் என்ன வந்தது, சங்கு எங்கே குவிஞ்சு கிடந்தது என்று விரலை நீட்டி நீட்டிச் சொல்வார். அந்த அகழாய்வில் எடுத்த கரித்துண்டைச் சோதித்துத்தான் கி.மு. 785 என்ற காலக்கணக்கு வந்தது. அந்தக் கரி எடுத்த குழி தாத்தா பார்த்த குழியா, வேற குழியா, அதெல்லாம் கேட்டு வைக்கத் தோணாத வயசு எனக்கு. தாத்தா 1997ல் போயிட்டார்.

வெள்ளம் வடிஞ்சதும் கேசட்டுகளை எடுத்தா, எல்லாம் சேறு. நான் மகா புத்திசாலித்தனமா மொட்டை மாடியில் வெயிலில் காய வெச்சுட்டு, ஒரு வாரம் கழிச்சு தூத்துக்குடியில் கேசட் மாத்திக் கொடுக்கிற ஒருத்தர்கிட்ட கொண்டு போனேன். அவர் பார்த்ததுமே தலையில் கை வெச்சுட்டார்.

"யாரு அண்ணாச்சி இதைக் காய வைக்கச் சொன்னது? ஈரத்தோட அப்படியே கொண்டாந்திருக்கணும். நல்ல தண்ணியில அலசி, சேத்தை எடுத்துட்டுத்தான் காய விடணும். இப்ப மண்ணு டேப்போட ஒட்டிக்கிட்டுல்லா. இதைப் பிளேயர்ல போட்டா டேப்பும் போச்சு, என் ஹெட்டும் போச்சு."

"எதாச்சும் பண்ண முடியுமா?"

"ஒண்ணொண்ணா பிரிச்சு, வேற கூட்டுக்கு மாத்தி, கையால சுத்தி சுத்தம் பண்ணணும். எல்லாத்தையும் பண்ண எனக்கும் நேரமில்ல, உங்களுக்கும் கட்டுபடி ஆகாது. முக்கியமானது மூணு சொல்லுங்க."

இங்கேதான் நான் மாட்டினேன். எது முக்கியமானது? பதினொண்ணில் ஒண்ணுமே தெரியலை. லேபிள் ஒட்டினது நாலஞ்சுதான், அதுவும் தண்ணியில் கூழாப் போச்சு. மத்ததில் லேபிளே கிடையாது. 'நமக்குத்தான் தெரியுமே' என்ற நினைப்பு. கண்ணை மூடிக்கிட்டு மூணு எடுத்துக் கொடுத்தேன். வந்தது: ஒரு கல்யாணம் (யாரோடதுன்னே தெரியலை), டிவியிலிருந்து பதிவு பண்ணின 'பாட்ஷா', அப்புறம் ஒரு ஊர் வீடியோ. தாத்தா வரலை. மிச்ச எட்டுக்குத் திரும்பப் போறதுக்குள்ள பூஞ்சை ஏறி எதுவும் செய்ய முடியாமப் போச்சு.

*

இப்ப செட்டியாருக்கு வருவோம்.

பழைய படத்துண்டுகளைத் தேடிச் சேர்த்து ஆவணப்படம் எடுக்கிறது இன்னிக்கு ஒரு தனித் தொழில். ஃபுட்டேஜ் ரிசர்ச்சர் என்று டைட்டிலில் பெயரே போடறாங்க. நம்ம நாட்டில் அந்தத் தொழிலுக்குப் பெயர் வைக்கிறதுக்கு முன்னாடியே அதைச் செய்து காட்டியவர் ஒரு தமிழர். அண்ணாமலை கருப்பன் செட்டியார், 1911ல் கோட்டையூரில் பிறந்தவர். பர்மாவில் 'தனவணிகன்' பத்திரிகை நடத்தினார். டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் போய் ஒளிப்படக்கலை படித்தார். 'உலகம் சுற்றும் தமிழன்' என்று பெயர் வாங்கினவர்.

1937 அக்டோபர் 2. நியூயார்க்கிலிருந்து அயர்லாந்துக்குக் கப்பலில் போய்க்கிட்டிருக்கார். அன்னிக்கு காந்தி பிறந்த நாள். காந்தியின் வாழ்க்கையை ஒரு முழுநீள ஆவணப்படமா எடுத்தா என்ன என்ற எண்ணம் அந்தக் கப்பலில்தான் வந்தது. அப்ப வயசு 25.

நடிகரை வெச்சு எடுக்கிற படமில்லை. நிஜ காந்தி, நிஜக் காட்சிகள். புதுசா எடுக்கறதை விட, முப்பது வருஷமா யார் யாரோ எடுத்து எங்கெங்கேயோ போட்டு வெச்சதைத் தேடணும். அமெரிக்காக்காரன் எடுத்த நியூஸ் ரீல் அமெரிக்காவில் இருக்கும். 1931ல் வட்டமேஜை மாநாட்டுக்குப் போனப்ப எடுத்தது லண்டனில் இருக்கும். 1912ல் கோகலே தென்னாப்பிரிக்கா போனபோது எடுத்தது அங்கேயே கிடக்கும். செட்டியார் நாலு கண்டத்தில் ஒரு லட்சம் மைல் அலைந்தார். நூறு பேர் அளவில் வெவ்வேறு ஒளிப்பதிவாளர்கள் எடுத்தது என்று 50,000 அடி படச்சுருள் சேர்ந்தது.

இந்த 50,000 அடின்னா எவ்வளவு? 35 மில்லிமீட்டர் பேசும் படம் ஒரு நிமிஷத்துக்கு 90 அடி ஓடும். அப்ப கிட்டத்தட்ட ஒன்பதேகால் மணி நேரம். அதிலிருந்து வெட்டி ஒட்டி 12,000 அடியாக்கினார், அதாவது ரெண்டேகால் மணி நேரம். பாரிஸில் படித்த ஒளிப்பதிவாளர் பி.வி. பதி இந்தப் படத்தில் அவருக்குத் துணையாக இருந்தார். 1940 ஆகஸ்ட் 23ல் சென்னை ராக்ஸி தியேட்டரில் தமிழ் விவரணையோடு படம் வெளியானது. பின்னாடி தெலுங்கிலும் வந்தது.

காலத்தையும் கவனிங்க. 1930ல் உப்பு சத்தியாக்கிரகத்தை பம்பாய்க் கம்பெனிகள் படம் பிடித்தபோது அரசு அந்தப் படங்களையே தடை செய்தது. அதற்குப் பத்து வருஷம் கழிச்சு, உலக யுத்தம் நடந்துக்கிட்டிருக்கும்போது, அதே அரசின் ஆட்சியில் காந்தி படம். காசு போட்டவங்களுக்கும் துணிச்சல் வேணும், எடுத்தவருக்கும் துணிச்சல் வேணும்.

உலகத்தில் இதற்கு முன்மாதிரி இருந்ததான்னா, ஒரு பெண்மணியைச் சொல்லணும். ரஷ்யாவில் எஸ்ஃபிர் ஷூப். 1927ல் 'ரோமானோவ் வம்சத்தின் வீழ்ச்சி' என்ற படத்துக்காக 60,000 மீட்டர் பழைய படத்தை உட்கார்ந்து சலித்தார். ஜார் மன்னன் தன் பெருமைக்கு எடுத்து வெச்சிருந்த குடும்பப் படங்களும் அதில் உண்டு. ஈரம் ஏறின நிலவறைகளில் கிடந்ததையெல்லாம் காப்பாற்றி எடுத்தார். (இந்த வரியை இப்ப படிச்சா எனக்கு மொட்டை மாடிதான் ஞாபகம் வருது.) ஷூப்புக்கு ஒரு வசதி, தேடினது பெரும்பாலும் ஒரே நாட்டுக்குள்ள. செட்டியாருக்கு ஒவ்வொரு துண்டும் ஒவ்வொரு நாட்டில்.

*

தேடிக் கண்டுபிடிக்கிறது பாதி வேலைதான். கையில் கிடைச்சது என்ன என்று சொல்லத் தெரியணும். டப்பாவில் 'காந்தி, இந்தியா' என்று மட்டும் எழுதியிருந்தா அதை எங்கே வைப்பீங்க?

இதற்குச் சில வழிகள் உண்டு. காந்தியின் உடுப்பே ஒரு காலண்டர். கோட்டு, சூட்டு போட்டிருந்தா தென்னாப்பிரிக்கா. பெரிய கத்தியவார் தலைப்பாகைன்னா 1915ல் இந்தியா திரும்பின சமயம். 1921 செப்டம்பர் 22ல் மதுரையில் சட்டையையும் குல்லாவையும் விட்டு முழங்கால் வேட்டிக்கு மாறினார். அப்ப, சட்டையும் குல்லாவுமா இந்தியாவில் நிற்கிற காந்தின்னா அதற்கு முன்னாடி எடுத்தது. ஒலியும் ஒரு தடயம். 1931ல் குஜராத்தில் போர்சாட் என்ற ஊரில் ஃபாக்ஸ் மூவிடோன்காரங்க காந்தியைப் பேச வைத்து ஒலியோடு எடுத்தாங்க. அதற்கு முன்னாடி எடுத்ததெல்லாம் மௌனப் படம்தான்.

இன்னொரு வேடிக்கை. மௌனப் படக் காலத்தில் கேமராவைக் கையால் சுற்றி நொடிக்கு 16, 18 சட்டம் என்று எடுப்பாங்க. அதைப் பேசும் பட புரொஜக்டரில் 24 சட்டமா ஓட்டினா எல்லாரும் தடதடன்னு ஓடுவாங்க. பழைய படத்தில் காந்தி அவ்வளவு வேகமா நடக்கறதுக்கு இதுவும் ஒரு காரணம். நிஜத்திலும் வேகமாத்தான் நடப்பாராம், அது வேற விஷயம் :-)

இதையெல்லாம் படிக்கும்போது எனக்கு எங்க ஊர் குழிகள்தான் நினைவுக்கு வரும். மண்ணுக்குள்ள கிடைக்கிற ஓட்டில் தேதி எழுதியிருக்காது. கறுப்பு சிவப்பு ஓடா, எந்த அடுக்கில் கிடைத்தது, பக்கத்தில் என்ன கிடந்தது என்று பார்த்துத்தான் காலம் சொல்றாங்க. அந்த ஓட்டை எடுத்து 'எந்தக் குழி, எந்த ஆழம்' என்ற சீட்டு இல்லாமல் கூடையில் போட்டீங்கன்னா, அது வெறும் உடைஞ்ச சட்டி. படத்துண்டும் அப்படித்தான்.

ஆற்றுக்கு மேலே கொஞ்ச தூரத்தில் ஆதிச்சநல்லூர். 1876ல் பெர்லினிலிருந்து வந்த யாகோர் அங்கே தோண்டி, எடுத்ததை பெர்லினுக்குக் கொண்டு போனார். 1899லிருந்து 1905 வரை அலெக்சாண்டர் ரீ தோண்டினார். ரீ எடுத்த பொருள்களும் ஆதிச்சநல்லூரை விட்டுப் போனதுதான், சென்னை எழும்பூர் மியூசியத்துக்கு. ஆனா ரீ ஒரு நல்ல காரியம் பண்ணினார். ஒவ்வொரு பொருளையும் எண் போட்டு, பட்டியலாக்கினார். 1915ல் அது புத்தகமா அச்சாச்சு. நூறு வருஷம் கழிச்சும் 'இது ஆதிச்சநல்லூரில் கிடைத்தது' என்று விரல் வெச்சுச் சொல்ல முடியுதுன்னா அந்தப் பட்டியலால்தான்.

காந்தி விஷயத்திலேயே ஒரு உதாரணம். 1934 ஜனவரி 24ல் திருநெல்வேலிக் கூட்டத்தில், பீகார் பூகம்பம் தீண்டாமைப் பாவத்துக்குக் கிடைத்த தண்டனை என்று காந்தி பேசினார். தாகூர் அதை மறுத்து எழுதினார். தொண்ணூறு வருஷம் கழிச்சும் அந்தச் சண்டையை நாம விவாதிக்க முடியுதுன்னா, யாரோ ஒருத்தர் உட்கார்ந்து என்ன பேசினார், எங்கே, எந்தத் தேதியில் என்று குறிச்சு, அது 'ஹரிஜன்' பத்திரிகையில் அச்சானதால்தான்.

*

சரி, செட்டியார் படம் என்னாச்சு?

இங்கேதான் வயிறு எரியும். 1947 ஆகஸ்ட்டில் சுதந்திரத்தை ஒட்டி டெல்லியில் இந்தி விவரணையோடு காட்டினாங்க. 1953ல் அமெரிக்காவில் ஆங்கில வடிவம் வந்தது, குவென்டின் ரெனால்ட்ஸ் விவரணை. அப்புறம் படம் மெல்ல மெல்ல கண்ணை விட்டே மறைஞ்சுடுச்சு. ஒரு லட்சம் மைல் அலைஞ்சு சேர்த்த படம், நம்ம கையில் ஒரு பிரதிகூட இல்லாமப் போச்சு.

நமக்கு இது புதுசில்லை. தமிழ்நாட்டின் முதல் கதைப்படம் என்கிற நடராஜ முதலியாரின் 'கீசக வதம்' இல்லை. முதல் தமிழ்ப் பேசும் படம், 1931ன் 'காளிதாஸ்' இல்லை. அந்தக் காலப் படச்சுருள் நைட்ரேட். சும்மா வெச்சாலே மக்கும், சூடு ஏறினா பத்திக்கும். 2003 ஜனவரியில் புனேயில் நைட்ரேட் சுருள்கள் இருந்த கிடங்கிலேயே தீப்பிடிச்சு ஏகப்பட்டது போச்சு.

ஆனா செட்டியார் ஒரு காரியம் பண்ணியிருந்தார். படத்தை எடுத்ததோட விடாமல், படத்துண்டுகளைத் தேடின கதையைக் கட்டுரைகளா எழுதி வெச்சிருந்தார். எந்த ஊருக்குப் போனார், யாரைப் பார்த்தார், என்ன கிடைச்சது என்று. தன்னைப் பற்றிப் பெருமை பேசாத மனுஷன், தேடினதைப் பற்றி மட்டும் ஒழுங்கா எழுதினார். 1983ல் அவர் காலமானார். அந்தக் கட்டுரைகளை ஆ.இரா. வேங்கடாசலபதி தொகுத்து 2003ல் 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்ற புத்தகமா காலச்சுவடு மூலம் கொண்டு வந்தார். வ.உ.சி. பற்றி ஆராய்ச்சி செய்தவர், நம்ம மனோன்மணியம் சுந்தரனார் பல்கலைக்கழகத்தில் பாடம் சொல்லிக் கொடுத்தவர் என்பதால் எங்க பக்கத்துக்காரங்களுக்கு அவர் மேல கொஞ்சம் உரிமை உண்டு. புத்தகத்தோட நிற்காமல் அவர் படத்தையும் தேடினார். 2006ல் சான் பிரான்சிஸ்கோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் ஒரு பிரதி அகப்பட்டது. கிடைத்தது 1953ன் ஆங்கில வடிவம், ராக்ஸியில் ஓடின தமிழ்ப் படம் இல்லை. ஆனாலும் கிடைத்தது.

எனக்கு இதில் தோணுவது இதுதான். படம் தொலைஞ்சது. படத்தைப் பற்றி எழுதினது தொலையலை. எழுதினது இருந்ததால்தான், தொலைஞ்சது என்னன்னு தெரிஞ்சது. என்ன தொலைஞ்சதுன்னு தெரிஞ்சவனுக்குத்தான் தேடவே தோணும். செட்டியாரின் 50,000 அடி எவ்வளவு பெரிய சொத்தோ, எனக்கு அந்தக் கட்டுரைகள் அதை விட ஒரு படி மேல.

என் தாத்தா கேசட்டில் நடந்தது இதற்கு நேர் எதிர். கேசட் கையில் இருந்தது. எழுதினது இல்லை. இருந்தும் தொலைச்சேன்.

*

அந்த மூணாவது கேசட், ஊர் வீடியோன்னு சொன்னேனே, அதில் முகம் தெரிஞ்ச ஆள் யாருமில்லை. குளம், கோயில், வன்னி மரம், தெருவில் பையன்கள், அவ்வளவுதான். என்ன வருஷம்னு தெரியலை. சித்தப்பாவுக்கு வாட்ஸப்பில் அனுப்பினேன். அரை மணியில் போன் வந்தது.

"ஏல, அந்த ஓட்டு வீடு நிக்குல்லா, குளத்துக்கு இந்தப் பக்கம்? அது தொண்ணூத்திரெண்டு வெள்ளத்துல போச்சு. அப்ப அதுக்கு முந்தி எடுத்ததுதான்."

"அப்ப தாத்தா பேசினதும் அதே கொடையா இருக்குமா சித்தப்பா?"

கொஞ்ச நேரம் சத்தமில்லை. "இருக்கும். அன்னைக்கு வந்த வீடியோக்காரன் ரெண்டு கேசட்டுல எடுத்தான். இது மொதல்ல எடுத்தது போல. அய்யா பேசுனது அடுத்ததுல இருந்திருக்கும்."

பக்கத்து கேசட் வரைக்கும் போய்த் தவற விட்டிருக்கேன்.

அன்னிக்கு ராத்திரி ஒரு நோட்டு எடுத்து எழுத ஆரம்பிச்சேன். முதல் பக்கத்தில்: கொற்கை, கோயில் கொடை, 1991 என்று நினைக்கிறோம், 1992 நவம்பர் வெள்ளத்துக்கு முன் என்பது உறுதி, சொன்னவர் சித்தப்பா, அடையாளம் ஓட்டு வீடு. அடுத்த பக்கத்தில், தாத்தா சொன்னதில் எனக்கும் சித்தப்பாவுக்கும் ஞாபகம் இருக்கிறதை எழுதினோம். ஒன்றரைப் பக்கம்தான் வந்தது. 'சங்கு கிடந்த குழி' எந்தப் பக்கம் என்பதில் எங்க ரெண்டு பேருக்கும் இன்னும் சண்டை. நான் குளத்துக்குக் கிழக்கேங்கறேன், அவர் இல்லைங்கறார். ரெண்டையும் எழுதி, யார் சொன்னதுன்னும் போட்டிருக்கேன்.

2021ல் கொற்கையில் மறுபடி அகழாய்வு நடந்தப்ப ஊரில் பாதிப் பேர் போன் கேமராவில் எடுத்தாங்க. நானும்தான் எடுத்தேன். எல்லாம் எண் வரிசையில் போனுக்குள்ள கிடக்கு. எந்தக் குழி, எந்த நாள், பக்கத்தில் நிற்பது யார் என்று ஒண்ணுமே இல்லை. ஐம்பது வருஷம் கழிச்சு எங்க ஊரைப் பற்றி ஒரு ஆவணப்படம் எடுக்க ஒரு பொண்ணோ பையனோ வந்தா, 'பள்ளத்தில் ஆள்கள், இந்தியா' என்றுதான் டப்பாவில் போட முடியும். அதனால் இப்ப ஞாயித்துக்கிழமை தோறும் பத்து பத்து கிளிப்பா எடுத்து வெச்சு, பக்கத்தில் இருந்தவங்களைக் கேட்டு நோட்டில் ஏத்திக்கிட்டிருக்கேன். இதுவரை 43.

உங்க வீட்டு பீரோவிலும் லேபிள் இல்லாத கேசட் நாலு கண்டிப்பா கிடக்கும். பெரியவங்க இருக்கும்போதே கேட்டு எழுதிடுங்க. கேசட்டின் மேல மட்டும் எழுதாதீங்க, தனியா ஒரு நோட்டிலும் எழுதி, அந்த நோட்டை மேல் தட்டில் வைங்க. கீழ்த்தட்டு வேண்டாம், அனுபவத்தில் சொல்றேன்.

பி.கு: அந்தக் கல்யாண கேசட் யாரோடதுன்னு இன்னும் தெரியலை. மாப்பிள்ளை நீலக் கலர் சஃபாரி சூட், பின்னாடி சீரியல் செட் போட்ட வாழை மரம், பந்தலில் 'கரகாட்டக்காரன்' பாட்டு. அப்ப 1989க்கு அப்புறம்தான். ஏரல் பக்கத்துக்காரங்க யாராச்சும் இருந்தா சொல்லுங்க, பத்திரமா வெச்சிருக்கேன்.